நடுக்குவாதம்



சும்மா உட்கார்ந்திருக்கும் தாத்தாவின் ஒரு கை மட்டும் காசு எண்ணுவதுபோல் ஆடுகிறது. காப்பிக் கோப்பையை எடுக்கப் போனால் ஆட்டம் குறைகிறது. முகத்தில் சிரிப்பில்லை, நடக்கும்போது கை வீசுவதில்லை, பேச்சும் தணிந்துவிட்டது. "வயதாகிவிட்டது" என்கிறோம். சில வீடுகளில் "சோம்பேறி" என்றும் திட்டுகிறார்கள். பாவம், அது அவர் குற்றமல்ல. நடுக்குவாதமாக இருக்கலாம். 1817இல் இதை விவரித்து எழுதிய இலண்டன் மருத்துவரின் பெயரால் பார்க்கின்சன் நோய் என்பார்கள்.

நம் அசைவைச் சீராக்குவது டோப்பமின் என்ற பொருள். மூளையில் அதைச் சுரக்கும் உயிரணுக்கள் சிறுகச் சிறுக மடிவதால் வருவது இந்நோய். ஏன் மடிகின்றன? பலருக்குக் காரணம் புலப்படுவதில்லை. ஆனால் தோட்ட மக்கள் அறிய வேண்டிய செய்தி ஒன்றுண்டு. முதுகில் பம்பு சுமந்து நம் பெண்கள் அடித்தார்களே, பாராகுவாட் என்னும் புல் மருந்து, அதில் புழங்கியவர்களுக்கு இந்நோய் கூடுதலாக வருவதாகப் பல ஆய்வுகள் சொல்கின்றன. அதுவே காரணமென்று இன்னும் முடிவாகவில்லை. பினாங்கு பயனீட்டாளர் சங்கம் அதைத் தடைசெய்யக் கோரி வந்தது. அரசு 2002இல் தடை அறிவித்து, 2006இல் தளர்த்தி, ஒருவழியாக 2020 சனவரி 1 முதல் முழுமையாகத் தடைசெய்தது. முன்பு மருந்தடித்தவர்கள் மருத்துவரிடம் அதையும் சொல்லுங்கள்.

நோயை முற்றாக நீக்க மருந்தில்லை. நடுக்கத்தையும் விறைப்பையும் குறைக்க லெவோடோப்பா மாத்திரை உண்டு. மீன், இறைச்சி, பருப்போடு சேர்த்து விழுங்கினால் அதன் வேலை குறையலாம். அதனால் சாப்பாட்டுக்கு முன்பே கொடுக்கச் சொல்வார்கள். கைதான் நின்றுவிட்டதே என்று மாத்திரையைத் திடீரென நிறுத்துவது ஆபத்து. முதலில் பக்கத்து அரசாங்கக் கிளினிக்கில் காட்டுங்கள்; அங்கே கடிதம் வாங்கிப் பெரிய மருத்துவமனைக்குப் போகலாம்.