ஆட்டின் கடைசி ஐம்பது நாட்கள்

கிளிநொச்சிப் பக்கம் ஓர் அக்காவின் வீட்டுக்கு, அவரது சினை ஆடு செத்த மறுநாள் போயிருந்தேன். போரில் கணவரை இழந்தவர். வாழ்வாதார உதவியாகக் கிடைத்த ஆடு அது. வயிற்றில் இரண்டு குட்டிகள். "நல்லாத்தான் நிண்டது தங்கச்சி. கடைசி நேரத்திலதான் தீன் எடுக்கேல்லை" என்றார்.

அந்தக் கடைசி நேரத்தைத்தான் நாம் விளங்கிக்கொள்ள வேண்டும். ஆட்டின் சினைக்காலம் ஏறத்தாழ 150 நாட்கள். முதல் மாதத்திலேயே குட்டியின் இதயம் துடிக்கத் தொடங்கிவிடும். 100 நாட்களுக்குள் உறுப்புகள் உருவாகிவிட்டாலும் உடல் சிறிதாகவே இருக்கும். பிறக்கும்போதுள்ள எடையில் ஏறக்குறைய 70 சதவீதம் கடைசி ஆறேழு வாரங்களில்தான் சேர்கிறது.

சிக்கலும் அங்கேதான். குட்டிகள் வளர வளர இரைப்பைக்கு இடம் குறைகிறது. தேவை கூடும் நேரத்தில் ஆட்டால் அதிகம் தின்ன முடிவதில்லை. அதனால் தன் உடற்கொழுப்பைக் கரைக்கிறது. அதிலிருந்து வரும் கீற்றோன் எனும் பொருள் இரத்தத்தில் கூடினால் ஆடு சோர்ந்து, தீன் மறுத்து, படுத்துவிடும். ஒன்றுக்கு மேற்பட்ட குட்டிகளைச் சுமக்கும் ஆடுகளுக்கே இந்த ஆபத்து அதிகம்.

கிடாய் சேர்த்த நாளைக் கலண்டரில் குறித்து வையுங்கள். 90ஆம் நாளளவில் பால் கறப்பதை நிறுத்துங்கள். 100ஆம் நாளிலிருந்து நல்ல குழையோடு தவிடு, புண்ணாக்கை மெல்ல மெல்லக் கூட்டி, கொஞ்சம் கொஞ்சமாகப் பல தடவை வையுங்கள். ஒருநேரத் தீனை மறுத்தாலே மிருக வைத்தியருக்கு அறிவியுங்கள்.

அக்கா அறிவித்தது மூன்றாம் நாள்.