லாச்சப்பல்: செட் இலவசம், ஒலிக்குத்தான் செலவு

பாரிஸின் வடபகுதியில், கார் து நோர் ரயில் நிலையத்துக்கும் லாச்சப்பல் மெட்ரோ நிலையத்துக்கும் இடைப்பட்ட ஃபோபூர் சென் தெனி வீதியில் 1980கள் முதல் ஈழத்தமிழர் கடைகள் பெருகியதால், கைக்காசில் குறும்படம் எடுக்க முனைபவருக்குத் தமிழ்ப் பெயர்ப்பலகையும் மளிகைக்கடையும் நகைக்கடையும் செட் போடாமலே வாய்த்துவிடுகின்றன. மாணிக்க விநாயகர் ஆலயத் தேர் தெருவுக்கு வரும் நாளிலோ, பெரிய தயாரிப்பாளரும் திரட்டத் திணறும் கூட்டமும், வீதியோரம் குவித்து உடைக்கப்படும் தேங்காய்களும் கேமராவுக்கு முன் தாமாகவே வந்து சேர்கின்றன. இவ்வட்டாரத்தையே களமாக்கி இயக்குநர் லோரன்ஸ் வலன் 2017இல் ‘லிட்டில் ஜாஃப்னா’ என்ற குறும்படத்தை, லா ஃபெமிஸ் திரைப்படப் பள்ளி முறையாகத் திரைக்கல்வி பெறாதவர்களுக்காக நடத்தும் ஓராண்டுப் பயிற்சியின்போது எடுத்தார். அதே பெயரில் அவர் இயக்கிய முழுநீளப் படம் 2024இல் வெனிஸ் விழாவின் விமர்சகர் வாரத்தில் நிறைவுப் படமானது.

இவ்வட்டாரத்தில் இலவசமாக வாய்க்காதது தெளிவான ஒலி. இரண்டாம் தட மெட்ரோ இங்கே நிலத்தடியை விட்டு மேலேறி இரும்புப் பாலத்தின்மீது ஓடுவதால், இரண்டு டேக்குகளாக எடுத்த உரையாடலை ஒட்டும்போது முதற்பாதியில் கடகடத்த ரயில் மறுபாதியில் சட்டென்று அறுந்து, கண்ணுக்குத் தெரியாத வெட்டு காதில் விழுந்துவிடுகிறது. கைப்பேசியே நல்ல படத்தைப் பதிந்துவிடும் இக்காலத்தில், இருக்கிற பணத்தைக் கேமராவில் கொட்டுவதைவிட, சட்டைக்குள் மறைத்துப் பொருத்தும் லேப்பல் மைக்கில் போடுவதே மேல். ஒவ்வோர் இடத்திலும் யாரும் பேசாமல் ஒரு நிமிடம் பதிவுசெய்யும் சூழல் ஒலி, அதாவது அந்த இடத்துக்கே உரிய இரைச்சல், காட்சி முழுதும் அடியில் ஓடினால் ஒட்டுகள் மறையும்; இதற்குக் காசும் வேண்டாம், பொறுமை போதும். பிறகு டப்பிங் பேசிச் சரிசெய்யலாம் என்று விட்டுவிட்டால், பழக்கமில்லாத நடிகரின் யாழ்ப்பாணத் தமிழ் உதட்டசைவுக்கு ஓடியே களைத்துவிடும்.

இரைச்சலைக் கதைக்குள்ளேயே இழுத்துக்கொள்வது மற்றொரு வழி. ஆறு இயக்குநர்களின் குறும்படங்களைத் தொகுத்து 1965இல் வெளிவந்த ‘பாரி வ்யூ பார்’ படத்தில், இதே ரயில் நிலையச் சுற்றுப்புறத்தைக் களமாகக் கொண்ட ழான் ரூஷின் ‘கார் து நோர்’, பக்கத்தில் எழும் கட்டடத்தின் ஓசையைக் கணவன் மனைவி சண்டைக்கே காரணங்களில் ஒன்றாக்கியது. மலிவான 16 மி.மீ. ஃபிலிம் சுருள் சுமார் 11 நிமிடமே ஓடும். படமோ அதைவிட நீளம். ஆகவே மனைவி வீட்டைவிட்டு இறங்கும் லிஃப்டின் இருட்டுக்குள் சுருள் மாறியதை ஒளித்து, ஒரே மூச்சில் எடுத்ததுபோல் காட்டினார் ரூஷ்.