பத்திரம் பதிய மறுத்தால் என்ன செய்வது?

தேனி மாவட்டத்தின் கம்பத்திலிருந்து மலைப்பாதையில் ஏறினால் கம்பம்மெட்டு வரும். சோதனைச் சாவடியைத் தாண்டினால் கேரளத்தின் இடுக்கி மாவட்டம். வீடும் வயலும் கீழே பள்ளத்தாக்கிலும், ஏலத்தோட்டம் மேலே மலையிலுமாக வாழும் குடும்பங்கள் இங்கு உண்டு. இவர்கள் சொத்தை வாங்கும்போதும் விற்கும்போதும் இரு மாநில அலுவலகங்களின் படியேற வேண்டியிருக்கிறது.

முன்பணம் கொடுத்தாயிற்று, வங்கிக் கடனும் ஒப்புதலாகிவிட்டது. பத்திரத்துடன் சென்றால், "இதைப் பதிய இயலாது" என்று வாய்மொழியாகச் சொல்லித் திருப்பி அனுப்புகிறார்கள். அப்போது நாம் என்ன செய்யலாம்?

எந்த அலுவலகம்?

மலையின் இருபுறமும் நடைமுறையில் இருப்பது 1908-ஆம் ஆண்டின் பதிவுச் சட்டமே. நிலம் எந்த எல்லைக்குள் இருக்கிறதோ அங்குள்ள சார்பதிவாளரிடமே பத்திரத்தை அளிக்க வேண்டும் என்கிறது அதன் 28-ஆம் பிரிவு. கேரளப் பக்கத்துத் தோட்டத்தின் பத்திரத்தைத் தமிழ்நாட்டு அலுவலகத்தில் நீட்டிப் பயனில்லை. கையெழுத்திட்ட நாளிலிருந்து நான்கு மாதங்களுக்குள் பத்திரத்தைப் பதிவுக்கு அளித்துவிடவும் வேண்டும்.

மறுப்பு எழுத்தில் வேண்டும்

சரியான அலுவலகத்தில் அளித்த பத்திரத்தை மறுப்பதானால், அதற்கான காரணத்தைச் சார்பதிவாளர் எழுதிப் பதிவுசெய்ய வேண்டும். கேட்டால் நகலைக் கட்டணமின்றித் தரவும் வேண்டும். இது 71-ஆம் பிரிவு. இந்த நகல்தான் அடுத்த படிகள் அனைத்துக்கும் திறவுகோல். வாய்மொழி மறுப்பை ஏற்றுத் திரும்பினால், பின்னர் காட்டுவதற்கு நம்மிடம் ஒன்றுமிராது.

மறுப்பாணையை எதிர்த்து 30 நாட்களுக்குள் மாவட்டப் பதிவாளரிடம் மேல்முறையீடு செய்யலாம். அவரும் மறுத்தால், 77-ஆம் பிரிவின்படி மேலும் 30 நாட்களுக்குள் உரிமையியல் நீதிமன்றத்தில் வழக்குத் தொடரலாம்.

சட்டம் விதித்த கடமையை அலுவலர் செய்யாதபோது, அரசமைப்புச் சட்டத்தின் 226-ஆம் உறுப்பின்கீழ் உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு செய்து, கடமையைச் செய்யுமாறு ஆணை கோரலாம். கம்பத்து நிலத்துக்கு மதுரைக் கிளை; கம்பம்மெட்டு நிலத்துக்குக் கொச்சியிலுள்ள கேரள உயர் நீதிமன்றம். மேல்முறையீட்டு வழி இருக்கையில் நேரே வந்தது ஏன் என்று நீதிமன்றம் கேட்கக்கூடும். ஆகவே வழக்கறிஞரின் ஆலோசனை அவசியம்.

உச்ச நீதிமன்றம் சொன்னது

விற்பவர் மூலப்பத்திரத்தையும் வில்லங்கச் சான்றையும் காட்டாவிட்டால் பதிவை மறுக்கலாம் என்று தமிழ்நாட்டுப் பதிவு விதி 55-அ கூறியது. 2025 ஏப்ரல் 7 அன்று உச்ச நீதிமன்றம், அவ்வாறு மறுக்க இடமளித்த பகுதி சட்டத்துக்கு முரணானது என்று தீர்ப்பளித்தது. விற்பவருக்கு உரிமை உண்டா என்று ஆராய்வது சார்பதிவாளரின் வேலையன்று; முத்திரைத் தீர்வையும் கட்டணமும் செலுத்தி, நடைமுறைகளும் நிறைவேறியிருந்தால் அவர் பதிந்தாக வேண்டும் என்பது தீர்ப்பின் சாரம்.

இதற்கு மறுபக்கமும் உண்டு. விற்பவருக்கு இல்லாத உரிமை, பதிவினால் நமக்கு வந்துவிடாது. உரிமையை ஆராயும் பொறுப்பு வாங்குபவருடையதே. மேலும், இதே நிபந்தனையைச் சட்டத்திலேயே சேர்க்கும் திருத்த மசோதாவைத் தமிழ்நாடு சட்டப்பேரவை அதே ஆண்டு நிறைவேற்றியது. மூலப்பத்திரத்தைக் கையில் வைத்துக்கொண்டு செல்வதே அறிவுடைமை.

பதிவுக்குப் பின்

பதிவோடு வேலை முடிவதில்லை. தமிழ்நாட்டில் பட்டா மாறுதலும், கேரளத்தில் வருவாய்த் துறையின் 'போக்குவரவு' எனும் பெயர் மாற்றமும் நடைபெற வேண்டும். அந்தப் பெயர் மாற்றம் வரி வசூலுக்கான ஏற்பாடே. யாருடைய உரிமையையும் அது பாதிக்காது என்று கேரளத்தின் 1966-ஆம் ஆண்டு விதிகள் கூறுகின்றன.

அடமானக் கடனை முழுவதும் அடைத்தவர்களுக்கு ஒரு செய்தி. மூலப்பத்திரங்களை 30 நாட்களுக்குள் வங்கி திருப்பித் தர வேண்டும். வங்கியின் காரணத்தால் தாமதமானால் நாளொன்றுக்கு ரூ.5,000 இழப்பீடு தர வேண்டும் என்பது 2023 டிசம்பர் 1 முதல் நடைமுறையிலுள்ள ரிசர்வ் வங்கியின் விதி. கடன் முடிந்ததும் பத்திரத்தைக் கேட்டுப் பெற்றுப் பத்திரப்படுத்துவோம். அடுத்த முறை பதிவு அலுவலகத்தின் படியேறும்போது, அதுவே நமக்கு முதல் துணை.