கேக்கை எழுப்புவது சோடாவா?

அமெரிக்க வீடுகளில் பரவலாகச் செய்யும் குறுக்குவழி இது. கடையில் வாங்கிய கேக் மிக்ஸ் பெட்டியைப் பிரித்து, முட்டை, எண்ணெய் எதுவும் சேர்க்காமல், 355 மி.லி. சோடா டின் ஒன்றை ஊற்றிக் கலக்கி அவனில் வைத்துவிடுவார்கள். இந்தச் சோடா செவன்-அப் போன்ற பானம். ஆப்ப சோடா அல்ல. பழுத்த வாழைப்பழத்தைப் பிசைந்து சேர்த்தால் வாழைப்பழ கேக்.

பானத்தின் வாயுதான் கேக்கை உப்ப வைக்கிறது என்று பலர் நம்புகிறார்கள். கலக்கும்போது கவனியுங்கள். சீறி எழும் நுரை, கரண்டி நாலு சுற்றுச் சுற்றுவதற்குள் அடங்கிவிடும். வாயுவில் பெரும்பகுதி அங்கேயே போயிற்று. உண்மையான வேலைக்காரர் பெட்டிக்குள் இருக்கும் பேக்கிங் பவுடர். அதிலுள்ள ஆப்ப சோடாவும் அமிலப் பொடியும் ஈரம் பட்டதும் கொஞ்சம், சூடு ஏறியதும் மிச்சம் என இரண்டு தவணையாகக் கரியமில வாயுவை விடும். அந்த வாயு மாவில் புதுக் குமிழி எதையும் படைப்பதில்லை. ஏற்கெனவே சிக்கியிருக்கும் நுண்குமிழிகளுக்குள் புகுந்து அவற்றைப் பெருக்குகிறது. சோடா விட்டுச் சென்ற சிறு குமிழிகளுக்கு மதிப்பு இந்த இடத்தில்தான். அதனால் மாவு ஈரமானதும் நிறுத்திவிட வேண்டும். அடித்து அடித்துக் கலக்கினால் குமிழியும் போகும், கோதுமையின் பசை இறுகிக் கேக்கும் ரப்பராகும்.

பெட்டி மிக்ஸ் 1930-களில் பிட்ஸ்பர்கின் டஃப் நிறுவனத்தில் பிறந்தது. இரண்டாம் உலகப்போருக்குப் பின் பெரிய மாவு நிறுவனங்கள் இறங்க, நாடெங்கும் பரவியது.

எனக்கு இந்தக் கேக்கில் மிகவும் பிடித்த பொருள் வாழைப்பழம். காயில் ஐந்தில் ஒரு பங்குக்கும் மேல் மாவுச்சத்து இருக்கும். தோலில் கரும்புள்ளி விழும் நேரத்தில் அது பெரும்பாலும் சர்க்கரையாகிவிட்டிருக்கும். வாசனையும் அப்போதுதான் கூடும். பழத்தின் பெக்டின் ஈரத்தைப் பிடித்துவைத்து, முட்டை இல்லாத குறையை ஓரளவு ஈடுகட்டும். ஓரளவுதான். முட்டைப் புரதம் வெந்து இறுகித் தரும் உறுதி இதில் வராது. சூட்டோடு வெட்டினால் உதிரும்.

பழத்தில் முக்கால் பங்கு தண்ணீர். இரண்டு பழம் சேர்த்தால் சோடாவை ஒரு கப்பாகக் குறையுங்கள். அவனை முன்கூட்டியே 175 டிகிரிக்குச் சூடாக்கி வையுங்கள். கலக்கிய மாவைக் காத்திருக்க விடாதீர்கள். அரை மணி நேரம் கழித்து நடுவில் குச்சியைக் குத்திப் பாருங்கள். ஈரமாவு ஒட்டாமல் வந்தால் எடுத்து, முழுக்க ஆறிய பிறகு வெட்டுங்கள்.