காசு குடுத்து வாங்கின கார், யாருடைய கார்?

சம்பளம் கிரெடிட் ஆன வாரத்துலதான் கேம் ஸ்டோர்ல சேல் கண்ணுல படும். காலேஜ்ல ஆடின ரேஸிங் கேமோட கார் பேக் பாதி விலைக்கு வந்திருக்கும். பட்டனை அழுத்துறதுக்கு முன்னாடி 'தி க்ரூ' கதையைக் கேளுங்க.

2014 டிசம்பரில் யூபிசாஃப்ட் வெளியிட்ட ஸ்ட்ரீட் ரேஸிங் கேம் இது. அமெரிக்கா முழுக்கச் சுருக்கி ஒரே மேப்பா குடுத்தாங்க. 2015 நவம்பரில் 'வைல்ட் ரன்'னு ஒரு டிஎல்சி, அதாவது காசு குடுத்து டவுன்லோட் பண்ற கூடுதல் பகுதி வந்துச்சு. பைக், மான்ஸ்டர் டிரக் எல்லாம் அதுலதான் சேர்ந்தது.

2024 மார்ச் 31 அன்று சர்வரை மூடிட்டாங்க. தனியா ஆடினாலும் சர்வர் தொடர்பு தேவைப்படுற கேம். அதனால டிஸ்க் கையில இருந்தும் ஆட முடியல. கேமே ஓடாதப்போ, அதுக்கு மேல வாங்கின டிஎல்சி என்ன ஆகும்?

'நீட் ஃபார் ஸ்பீடு கார்பன்' (2006) கதை வேற. 2021 மே 31-ல் டிஜிட்டல் விற்பனையும், ஆகஸ்ட் 31-ல் ஆன்லைன் சேவையும் நின்னுச்சு. ஆனா டிஸ்க் வெச்சிருக்கிறவங்க இன்னைக்கும் தனியா ரேஸ் ஓட்டலாம்.

கணக்கியலில் சொத்து என்றால் அது நம் கட்டுப்பாட்டில் இருக்க வேண்டும். டிஎல்சி அப்படி இல்லை. நமக்குக் கிடைப்பது பயன்படுத்தும் உரிமம் மட்டுமே, மறுவிற்பனை கிடையாது. கலிஃபோர்னியாவில் 2025 ஜனவரி 1 முதல், இது வெறும் உரிமம்தான் என்று தெளிவாகச் சொல்லாமல் டிஜிட்டல் பொருளுக்கு 'வாங்கு' என்று போடக் கூடாது. நிரந்தரமா டவுன்லோட் பண்ணி ஆஃப்லைனில் வெச்சுக்கிற பொருளுக்கு விலக்கு உண்டு.

அதனால மூணே விஷயம் பாருங்க:

1. நெட் இல்லாம கேம் ஓடுமா? ஓடாதுன்னா அது வாடகைதான்.

2. மணிக்கு எவ்வளவு? 1,200 ரூபாய் பேக்கை 40 மணி நேரம் ஆடினா மணிக்கு 30 ரூபாய். ரெண்டு மணி நேரத்துல விட்டுட்டா 600 ரூபாய்!

3. கிரெடிட் கார்டு பாக்கியில வாங்காதீங்க. கேம் நின்னாலும் வட்டி நிக்காது.

ஆடவே வேண்டாம்னு சொல்லல. சினிமா டிக்கெட் மாதிரி, பொழுதுபோக்குச் செலவுல எழுதிட்டு ஜாலியா ஓட்டுங்க. அடுத்த வீடியோல சந்திப்போம்!