குற்றாலத்துக்குள் ஒரு கடல்: கடலைக் குடித்த அகத்தியர் மலைக்கு வந்தது ஏன்?

தென்காசி மாவட்டத்துக்குக் கடற்கரை கிடையாது. ஆனா, குற்றாலம் பேரருவியில் ஒரு 'கடல்' இருக்கு. உச்சியிலிருந்து பாயும் தண்ணீர் நேராகத் தரைக்கு வருவதில்லை. பாதி வழியில் ஒரு பாறைக்குழியில் விழுந்து, நிரம்பி, பொங்கி, அப்புறம்தான் கீழே இறங்குகிறது. அந்தக் குழிக்குப் பெயர் பொங்குமாங்கடல். வேகம் அங்கேயே உடைந்துவிடுவதால்தான் நாம கீழே நின்று தலையைக் கொடுக்க முடியுது.

இந்த ஊர்க் கோயிலின் தலபுராணத்தில் முக்கியமான ஆள் ஒருவருக்கும் கடலோடு பழைய கணக்கு உண்டு. அவர்தான் அகத்தியர். கடலையே குடித்தவர்!

எதுக்குக் குடித்தார்?

மகாபாரதத்தின் வன பருவத்தில் வரும் கதை இது. விருத்திராசுரன் கொல்லப்பட்டதும் காலகேயர்கள் என்ற அசுரர்கள் கடலுக்குள் ஒளிந்துகொள்கிறார்கள். பகலில் தண்ணீருக்கடியில் பதுங்கல், ராத்திரியில் வெளியே வந்து முனிவர்களைக் கொல்வது. தேவர்களுக்கு வேறு வழி தெரியவில்லை, அகத்தியரிடம் போகிறார்கள். அவர் மொத்தக் கடலையும் குடித்துவிடுகிறார். ஒளிய இடமில்லாமல் அசுரர்கள் மாட்டிக்கொள்கிறார்கள்.

சிக்கல் அதுக்கப்புறம்தான். தண்ணீரைத் திருப்பி விடச் சொன்னால், அது எப்பவோ செரித்துவிட்டது என்கிறார் முனிவர். பல காலம் கழித்து பகீரதன் கங்கையைக் கொண்டுவந்த பிறகே கடல் மறுபடி நிரம்புகிறது. காலி பண்ண ஒருவர் போதும், நிரப்ப ஒரு நதியே வேண்டியிருக்கு என்பதுதான் இந்தக் கதையின் முடிச்சு.

குற்றாலத்துக்கு எப்படி வந்தார்?

சிவன் - பார்வதி திருமணத்துக்கு எல்லாரும் இமயமலையில் கூடியதால் வடக்கு தாழ்ந்து தெற்கு உயர்ந்ததாம். அதைச் சமன்செய்ய தெற்கே அனுப்பப்பட்டவர் அகத்தியர் என்கிறது புராணம். குற்றாலத்தில் திருமால் திருவுருவின் தலையில் அவர் கைவைத்து அழுத்த, அது குறுகிச் சிவலிங்கமானது என்பது ஊர் ஐதீகம். அவரே குற்றாலநாதர்.

பொதிகை மலைதான் அகத்தியரின் இருப்பிடம் என்பார்கள். தாமிரபரணியையும் அவர்தான் கொண்டுவந்தார் என்கிறது நெல்லைச் சீமையின் நம்பிக்கை. பாண்டியர் செப்பேடுகள் அவரைத் தங்கள் குலகுருவாகவே சொல்கின்றன. அந்தப் பாண்டியர்கள் கடைசிக் காலத்தில் ஆண்ட ஊர் தென்காசி. இங்குள்ள காசி விஸ்வநாதர் கோயில், 15-ம் நூற்றாண்டில் பராக்கிரம பாண்டியன் எழுப்பியது.

கவனிச்சீங்களா? வடக்குக் கதையில் கடலை வற்றவைத்தவர், தெற்கே வந்ததும் தண்ணீர் கொடுப்பவராக மாறிவிட்டார்.

நிஜத்தில் தண்ணீர் எங்கிருந்து வருது?

கடலிலிருந்துதான். ஜூன் மாதம் தென்மேற்குப் பருவக்காற்று அரபிக்கடலின் ஈரத்தைச் சுமந்து வருகிறது. மேற்குத் தொடர்ச்சி மலை அதை மறித்து, பெரும்பகுதி மழையைக் கேரளப் பக்கமே இறக்கிவிடுகிறது. ஆனால் செங்கோட்டைக்கு மேற்கே, ஆரியங்காவு பக்கம் மலையில் ஒரு கணவாய். அது வழியாக நுழையும் ஈரக்காற்றும் மேகமும்தான் தென்காசி, குற்றாலம் பக்கம் சாரலாகத் தூறுகின்றன. ஜூன் முதல் ஆகஸ்ட் வரை சீசன் களைகட்டுவது இதனால்தான்.

அருவித் தண்ணீர் சிற்றாறாக ஓடி, சீவலப்பேரி அருகே தாமிரபரணியில் கலக்கிறது. தாமிரபரணி தூத்துக்குடி மாவட்டம் புன்னைக்காயல் அருகே மன்னார் வளைகுடாவில் சேர்கிறது. ஆக, அரபிக்கடலில் கிளம்பிய தண்ணீர் மலையேறி இறங்கி இன்னொரு கடலுக்குப் போய்ச் சேருது. கதையில் கங்கை செய்த வேலையை இங்கே இந்த ஆறுகள் வருஷா வருஷம் செய்கின்றன.

நமக்கு இதில் என்ன இருக்கு?

மலைக்காடு பஞ்சு மாதிரி மழையைப் பிடித்துவைத்து, மெதுவாக விட்டால்தான் அருவியும் ஆறும் மழை நின்ற பிறகும் ஓடும். பொதிகைப் பகுதியை உள்ளடக்கிய அகத்தியமலை உயிர்க்கோளக் காப்பகத்தை 2016-ல் யுனெஸ்கோ தன் உலகப் பட்டியலில் சேர்த்தது.

இன்னொரு பக்கமும் இருக்கு. 2024 மே 17 அன்று பழைய குற்றால அருவியில் திடீரென வந்த காட்டாற்று வெள்ளத்தில் 17 வயதுச் சிறுவன் ஒருவன் உயிரிழந்தான். நாம நிற்கும் இடத்தில் வெயில் அடிக்கலாம், மேலே மலையில் கொட்டிக்கொண்டிருக்கலாம். தண்ணீர் சட்டென்று கலங்கினாலோ, சத்தம் மாறினாலோ யாரும் சொல்லும்வரை காத்திருக்காமல் வெளியே வந்துடணும். போலீஸ் தடை போட்டால், "இவ்ளோ தூரம் வந்துட்டோமே" என்று மல்லுக்கட்டாமல் திரும்புவதே நல்லது.

குடித்த கடலைத் திருப்பிக் கொடுக்க அகத்தியராலேயே முடியவில்லை. பாய்ந்து வரும் வெள்ளத்தைக் கையால் நிறுத்த நம்மாலும் முடியாது.