புது பிஎஸ்5 வந்தாச்சு... பழைய பிஎஸ்4-ஐக் கொடுக்கும் முன் சேவ் டேட்டாவை எடுத்தீர்களா?

போன தீபாவளிக்கு அக்கா வீட்டில் பிளேஸ்டேஷன் 5 வாங்கினார்கள். பழைய பிஎஸ்4-ஐக் கடையில் எக்ஸ்சேஞ்சுக்குக் கொடுத்தால் விலையில் கொஞ்சம் குறையும். அத்தான் விவரமானவர். கொடுப்பதற்கு முதல் நாளே அதில் மாட்டியிருந்த எக்ஸ்டர்னல் ஹார்டு டிஸ்க்கைக் கழற்றிப் பத்திரமாக எடுத்து வைத்துக்கொண்டார். "எல்லாம் இதுக்குள்ளதான்டா இருக்கு, பயப்படாதே" என்று மகனிடமும் சொல்லிவிட்டார். பிறகு பழைய பெட்டியில் இருந்த அனைத்தையும் அழித்துவிட்டுக் கடையில் ஒப்படைத்தார்.

புதுப் பெட்டியில் ஹார்டு டிஸ்க்கைச் சொருகியதும் கேம்கள் எல்லாம் வரிசையாக வந்து நின்றன. பையன் முதலில் திறந்தது ஸ்டார்டியூ வேலி. லோட் என்ற இடத்தை அழுத்தினால் உள்ளே ஒன்றுமே இல்லை. 2021 லாக்டவுனில் அவனும் அவன் அக்காவும் ஒரே டிவியில் ஆளுக்குப் பாதித் திரையில் ஆடிய ஆட்டம் அது. தாத்தா ஊர்ப் பெயரை வைத்துத் தோட்டம் போட்டு, ஆடு மாடு வளர்த்து, ஆட்டக் கணக்கில் ஆறு வருடம் ஓட்டியிருந்தார்கள். மூத்தவள் இப்போது படிப்புக்காக வெளியூரில் இருக்கிறாள். "கேம் இருக்கு மாமா, எங்க தோட்டம்தான் போச்சு" என்று போனில் சொன்னவன், அதற்கு மேல் பேசவில்லை.

அத்தான் செய்த எதுவுமே தப்பில்லை. ஹார்டு டிஸ்க்கைக் கழற்றியதும் சரி, விற்கும் முன் அழித்ததும் சரி. நடுவில் செய்ய வேண்டிய ஒரு வேலைதான் விட்டுப்போனது. அது என்ன, எப்படிச் செய்வது என்று பார்ப்போம்.

கேம் வேறு, சேவ் டேட்டா வேறு

பள்ளிக்கூடப் பையில் பாடப்புத்தகமும் இருக்கும், நோட்டும் இருக்கும். பாடப்புத்தகம் தொலைந்தால் கடையில் இன்னொன்று வாங்கிக்கொள்ளலாம். ஊரில் எல்லோரிடமும் இருப்பதும் அதே புத்தகம்தான். ஆனால், வருடம் முழுக்க உங்கள் பிள்ளை கைப்பட எழுதிய நோட்டு தொலைந்தால்?

கேம் என்பது பாடப்புத்தகம். பெரிய கேம்கள் 50 ஜிபி, 100 ஜிபி என்று இடத்தை அடைக்கும். ஆனாலும், டிஸ்க் கையில் இருந்தாலோ உங்கள் அக்கவுன்ட்டில் வாங்கியிருந்தாலோ எப்போது வேண்டுமானாலும் மறுபடி இறக்கிக்கொள்ளலாம். சேவ் டேட்டா என்பது நோட்டு. எந்தக் கட்டம் வரை வந்தீர்கள், என்னென்ன சேர்த்தீர்கள், என்ன கட்டினீர்கள் என்ற கணக்கு முழுவதும் அதில்தான் இருக்கும். அளவில் பெரும்பாலும் சில எம்பிதான். உலகத்தில் அது ஒரே ஒரு பிரதி. கேமைத் தயாரித்த கம்பெனியிடம்கூட அதற்கு நகல் கிடையாது.

ஃபோர்ட்நைட், கென்ஷின் இம்பாக்ட் போன்ற ஆன்லைன் கேம்கள் மட்டும் விதிவிலக்கு. அவற்றின் கணக்கு கம்பெனியின் சர்வரில் இருப்பதால், அதே அக்கவுன்ட்டில் உள்ளே போனாலே விட்ட இடம் வந்துவிடும்.

சேவ் எங்கே உட்கார்ந்திருக்கிறது?

பிஎஸ்2 காலத்தில் இந்தக் குழப்பமே இல்லை. 8 எம்பி மெமரி கார்டு ஒன்று முன்பக்கம் சொருகியிருக்கும். நண்பன் வீட்டுக்குப் போகும்போது அதைக் கழற்றிச் சட்டைப் பையில் போட்டுக்கொண்டால் வேலை முடிந்தது. அந்தப் பழக்கத்தில்தான் பலரும் எக்ஸ்டர்னல் ஹார்டு டிஸ்க்கையும் பெரிய மெமரி கார்டு என்று நினைத்துவிடுகிறார்கள்.

பிஎஸ்4-இல் எக்ஸ்டர்னல் டிரைவுக்குப் போவது கேம் மட்டும்தான். கேமை எங்கே வைத்திருந்தாலும் அதன் சேவ் பெட்டிக்குள் இருக்கும் டிஸ்க்கில்தான் எழுதப்படும். பெட்டி போனால் சேவும் போச்சு. அக்கா வீட்டில் நடந்தது இதுதான்.

முதலில் பழைய பெட்டியில்...

பழைய பெட்டி கையில் இருக்கும்போதே மூன்று விஷயங்களை முடித்துக்கொள்ளுங்கள். ஒன்று, பிஎஸ்4-இன் சிஸ்டம் சாஃப்ட்வேரை அப்டேட் செய்யுங்கள். இரண்டு, டிராஃபிகளை இணையத்தோடு ஒருமுறை சிங்க் செய்யுங்கள், டேட்டா டிரான்ஸ்ஃபரில் அவை தானாகப் போகாது. மூன்று, பழைய பெட்டியில் இருக்கும் அதே அக்கவுன்ட்டில்தான் புதுப் பெட்டியிலும் லாகின் செய்ய வேண்டும். சேவ் அந்த அக்கவுன்ட்டோடு கட்டப்பட்டது. தம்பி பெயரில் இருப்பதை அண்ணன் பெயரில் திறக்க முடியாது. வீட்டில் நாலு பேருக்கு நாலு அக்கவுன்ட் இருந்தால் நாலு பேருடையதையும் எடுக்க வேண்டும்.

வழி 1: இரண்டு பெட்டியும் கையில் இருந்தால்

இதுதான் சுலபமான வழி, கட்டணமும் கிடையாது. இரண்டையும் ஒரே வைஃபையில் இணைத்து, பிஎஸ்5-இல் செட்டிங்ஸ், சிஸ்டம், சிஸ்டம் சாஃப்ட்வேர், டேட்டா டிரான்ஸ்ஃபர் என்று போங்கள். பழைய பெட்டியைக் கண்டுபிடித்ததும், பிஎஸ்4-இன் பவர் பட்டனை 'பீப்' சத்தம் வரும் வரை ஒரு விநாடி அழுத்திப் பிடிக்கச் சொல்லும். பிறகு எந்தெந்த சேவ், எந்தெந்த கேம் என்று நீங்களே தேர்ந்தெடுக்கலாம்.

இங்கே ஒரு யோசனை. சேவ் எல்லாவற்றையும் டிக் செய்யுங்கள், கேம்களை விட்டுவிடுங்கள். சேவ் சின்னது, சீக்கிரம் முடிந்துவிடும். நூற்றுக்கணக்கான ஜிபி கேம்களை வைஃபையில் அனுப்பினால் மணிக்கணக்காகும், நடுவில் கரண்ட் போனால் அவ்ளோதான். கேமையும் இப்படியே மாற்றுவதாக இருந்தால் இரண்டு பெட்டிக்கும் இடையே ஒரு லேன் கேபிளைப் போடுங்கள், வேகம் கூடும்.

வழி 2: பென் டிரைவ்

புதுப் பெட்டி இன்னும் வரவில்லை, பழையதை இன்றே கொடுத்தாக வேண்டும் என்றால் பென் டிரைவ் போதும். அது எஃப்ஏடி32 அல்லது எக்ஸ்ஃபேட் முறையில் ஃபார்மேட் செய்யப்பட்டிருக்க வேண்டும். பிஎஸ்4-இல் செட்டிங்ஸ் போய், அப்ளிகேஷன் சேவ்டு டேட்டா மேனேஜ்மென்ட், அதில் சிஸ்டம் ஸ்டோரேஜில் உள்ள சேவ்களைத் திறந்து, யுஎஸ்பிக்கு காப்பி என்பதை அழுத்துங்கள். பிஎஸ்5-இல் செட்டிங்ஸில் சேவ்டு டேட்டா பகுதிக்குப் போனால் பிஎஸ்4 சேவ்களுக்குத் தனி இடம் இருக்கும். பென் டிரைவில் இருந்து அங்கே இறக்கிக்கொள்ளலாம்.

ஒன்று கவனிக்க வேண்டும். பிஎஸ்4 கேமின் சேவைத்தான் இப்படித் தனியாகப் பென் டிரைவில் எடுக்க முடியும். பிஎஸ்5-க்கென்றே வந்த கேமின் சேவுக்கு இந்த வசதி இல்லை.

வழி 3: கிளவுட்

பிளேஸ்டேஷன் பிளஸ் சந்தா இருந்தால் பிஎஸ்4 சேவ்களுக்கு 100 ஜிபி கிளவுட் இடம் உண்டு. பழைய பெட்டியில் அப்லோடு, புதியதில் டவுன்லோடு, வேலை முடிந்தது. சந்தா கட்டுகிறோம், எல்லாம் தானாக ஏறியிருக்கும் என்று நம்பி உட்கார்ந்துவிடாதீர்கள். ஒவ்வொரு கேமின் பெயரும் கடைசி தேதியும் அங்கே இருக்கிறதா என்று கண்ணால் பாருங்கள். புதுப் பெட்டியில் சேவை இறக்கிய பிறகுதான் கேமைத் திறக்க வேண்டும். அவசரப்பட்டு முதலில் கேமைத் திறந்து புதிதாக ஆடத் தொடங்கினால், பழைய சேவின் மேல் புதியது எழுதப்பட வாய்ப்பு இருக்கிறது.

பிஎஸ்4 பதிப்பும் பிஎஸ்5 பதிப்பும் ஒன்றா?

சேவைப் பத்திரமாகக் கொண்டுவந்த பிறகும் சிலர் மாட்டிக்கொள்வது இந்த இடத்தில்தான். பிஎஸ்4 கேம்களில் மிகச் சிலவற்றைத் தவிர மற்ற எல்லாமே பிஎஸ்5-இல் ஓடும். அப்படி ஓடும்போது பழைய சேவும் அப்படியே திறக்கும். பிரச்சினை இல்லை.

ஆனால் பல கேம்களுக்குத் தனியாக ஒரு பிஎஸ்5 பதிப்பும் உண்டு. பெட்டியின் பார்வையில் அது வேறு கேம், அதன் சேவும் வேறு. பழைய சேவைப் புதுப் பதிப்பு படிக்குமா என்பதை முடிவு செய்வது அந்த கேமைத் தயாரித்தவர்கள்.

2020-இல் ஸ்பைடர்மேன் கேமின் மெருகேற்றிய பிஎஸ்5 பதிப்பு வந்தபோது, பழைய சேவைக் கொண்டுவர முடியாது என்றுதான் முதலில் அறிவித்தார்கள். ரசிகர்கள் விடவில்லை. அதே ஆண்டு நவம்பரில் முடிவை மாற்றி, அதற்கான அப்டேட்டைக் கொடுத்தார்கள். ஃபிஃபா 21-இல் அல்டிமேட் டீம் புதுப் பெட்டிக்கு வந்தது, கேரியர் மோடு வரவில்லை. 2022-இல் வந்த ஜிடிஏ 5-இன் பிஎஸ்5 பதிப்பில், கதை ஆட்டத்தின் சேவைப் பழைய பதிப்பில் இருந்து அப்லோடு செய்து புதியதில் இறக்க வேண்டியிருந்தது.

ஆகவே, புதுப் பதிப்பை நிறுவியதும் சேவ் தெரியவில்லை என்றால் உடனே பதற வேண்டாம். பழைய பதிப்பின் மெனுவில் சேவை அப்லோடு செய்யும் வசதி இருக்கிறதா என்று தேடுங்கள். அந்தப் பழைய பதிப்பைப் பிஎஸ்5-இலேயே நிறுவியும் பார்க்கலாம். எதுவும் இல்லையென்றால் பழைய பதிப்பிலேயே ஆடி முடித்துவிடுவது உத்தமம்.

ஹார்டு டிஸ்க்கும் டிஸ்க்கும்

முதல் பிஎஸ்5-இல் 825 ஜிபி என்று சொன்னாலும் நமக்குக் கிடைப்பது ஏறத்தாழ 667 ஜிபிதான். எனவே பழைய எக்ஸ்டர்னல் டிரைவைத் தூக்கிப் போடாதீர்கள். பிஎஸ்4 கேம்களை அதிலிருந்தே ஆடலாம். பிஎஸ்5 கேம்களை அதில் சேமித்து வைக்கலாம், ஆனால் ஆடுவதற்கு உள்ளே கொண்டுவர வேண்டும்.

டிஸ்க்காக வாங்கிக் குவித்தவர்கள் டிஜிட்டல் எடிஷன் வாங்கும் முன் யோசியுங்கள். டிஸ்க் போடும் வழி அதில் இல்லை. 2023-இல் வந்த மெலிந்த மாடலுக்கு மட்டும் டிஸ்க் டிரைவைத் தனியாக வாங்கி மாட்டிக்கொள்ள முடியும்.

எக்ஸ்பாக்ஸ், ஸ்விட்ச் வைத்திருப்பவர்களுக்கு

எக்ஸ்பாக்ஸ்காரர்களுக்குத் தலைவலி குறைவு. இணையத்தில் இணைந்திருந்தால் சேவ் தானாகவே கிளவுட்டுக்குப் போய்விடும், அதற்குக் கட்டணமும் இல்லை. கடைசியாக ஆடியபோது இணையம் இருந்ததா என்று மட்டும் பார்த்துக்கொள்ளுங்கள். சீரிஸ் எஸ் மாடலில் டிஸ்க் போட முடியாது.

நிண்டெண்டோ ஸ்விட்சில் பிஎஸ்4-இல் இருக்கும் அதே பொறி உண்டு. மைக்ரோ எஸ்டி கார்டில் கேம் இருக்கும், சேவ் இருக்காது. 2025 ஜூனில் வந்த ஸ்விட்ச் 2-க்கு மாறுபவர்கள், புதியதை முதன்முதலாக செட்டப் செய்யும்போதே டிரான்ஸ்ஃபரையும் முடித்துவிடுங்கள். இரண்டும் பக்கத்தில் இருந்தால் நேரடியாக மாற்றலாம். சர்வர் வழியாக அனுப்பினால் பழைய ஸ்விட்ச் முழுவதும் அழிக்கப்பட்டுவிடும் என்பதை மனதில் வைத்துக்கொள்ளுங்கள். பழைய மைக்ரோ எஸ்டி கார்டில் கேம் வைக்கவும் முடியாது, ஸ்விட்ச் 2-க்கு மைக்ரோ எஸ்டி எக்ஸ்பிரஸ் கார்டு வேண்டும்.

கடைக்குப் போகும் முன்...

* சேவை எடுத்துவிட்டீர்களா? புதுப் பெட்டியில் முக்கியமான கேம்களைத் திறந்து, விட்ட இடம் வருகிறதா என்று ஆடியே பாருங்கள்.

* வீட்டில் எல்லோருடைய அக்கவுன்ட்டிலும் இதைச் செய்தாயிற்றா?

* பிஎஸ்4-இல் அக்கவுன்ட் மேனேஜ்மென்ட் போய், பிரைமரி என்று இருப்பதை டிஆக்டிவேட் செய்யுங்கள்.

* கடைசியாகத்தான் இனிஷியலைஸ். உங்கள் அக்கவுன்ட் விவரம் அடுத்தவர் கைக்குப் போகாமல் இருக்க இது கட்டாயம். ஆனால் இதற்குப் பிறகு திரும்பி வர வழியே இல்லை.

* முடிந்தால் ஒரு வாரம் கழித்துக் கொடுங்கள். மறந்துபோன கேம் ஒன்று அந்த வாரத்தில்தான் ஞாபகத்துக்கு வரும்.

அக்கா வீட்டுப் பெட்டியைத் தேடி மறுநாளே கடைக்குப் போய்ப் பார்த்தோம். அழித்த பிறகு பெட்டி கிடைத்தாலும் பயனில்லை என்று தெரிந்துதான் போனோம். பொங்கல் லீவுக்கு மூத்தவள் வந்தாள். இருவரும் அதே ஊர்ப் பெயரை வைத்து மறுபடி முதல் விதையில் இருந்து தொடங்கினார்கள். நாலு நாளில் முதல் வசந்தகாலம்கூட முடியவில்லை, அவள் கிளம்பிவிட்டாள். இப்போது டிவி ஸ்டாண்டில் ஒரு பென் டிரைவ் தொங்குகிறது. ஞாயிற்றுக்கிழமைதோறும் அதில் சேவைக் காப்பி எடுப்பது அத்தானின் வேலை.